வலி போன இடம்

ஒரு சிறுமி தன் காலிலிருந்த செருப்பைக் கழற்றி எலி ராஜாவின் மேல் எறிகிறாள். அந்த ஓர் எறியில் போர் முடிந்துவிடுகிறது. எலிப்படை சிதறி ஓடுகிறது. தோற்றுக்கொண்டிருந்த மரப்பொம்மைத் தளபதி பிழைத்துக்கொள்கிறான். ‘நட்கிராக்கர்’ என்னும் பாலே நாட்டியத்தின் போர்க்காட்சி இப்படித்தான் முடியும். முழு ஆர்கெஸ்ட்ரா முழங்க, கால்விரல் நுனியில் நிற்பதற்கே வருடக்கணக்காகப் பயின்றவர்கள் ஆடும் மேடை அது. ஆனால் அங்கே நடப்பது நம் அடுக்களையில் நடப்பதுதான். எலியைக் கண்டதும் கையில் கிடைத்ததை எடுத்து வீசுகிறோம் அல்லவா, அதுதான்.

இது என் கண்ணில் பட்டது ஒரு கார்ட்டூன் படத்தைப் பார்த்த பிறகு. 2007இல் வெளிவந்த ‘டாம் அண்ட் ஜெர்ரி: எ நட்கிராக்கர் டேல்’. ஒரு மணி நேரம்கூட ஓடாத படம். திரையரங்குக்கு வராமல் நேரே டிவிடியாக வந்தது. இயக்கியவர்கள் ஸ்பைக் பிராண்ட், டோனி செர்வோன். பாலே மேல் ஆசை வைத்த எலி ஜெர்ரி. கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு, நாட்டியம் முடிந்து எல்லோரும் போன பிறகு, வெறும் மேடையில் அதற்கு ஒரு மாய உலகம் திறக்கிறது. பொம்மை நாட்டியக்காரி ஒருத்தி, கூடவே குட்டி எலி டஃபி. அந்த உலகத்தைப் பிடிக்கப் பூனைகளின் அரசன் படையோடு வருகிறான். படையில் டாமும் ஒருவன். பின்னணி முழுக்க அந்த பாலேவுக்கு ருஷ்ய இசையமைப்பாளர் சைகோவ்ஸ்கி எழுதிய இசை.

வீட்டுப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்த்தேன். அவர்கள் சிரித்தார்கள். எனக்கு முதலில் மனம் ஒப்பவில்லை. அந்த இசை எந்தச் சூழ்நிலையில் எழுதப்பட்டது என்பது ஓரளவு தெரியும். அதன்மேல் ஒரு பூனை சறுக்கி விழுவதைக் காணச் சங்கடமாக இருந்தது. பிறகு அந்தச் செருப்பு நினைவுக்கு வந்தது. அடிதடிச் சிரிப்பு இந்தக் கதைக்குள் வெளியிலிருந்து நுழைந்ததா, முதலிலேயே உள்ளே இருந்ததா என்று தேடத் தொடங்கினேன். தேடிப் போன இடத்தில் இன்னொரு கேள்வி காத்திருந்தது. இந்தக் கதையில் ஒரு காலத்தில் வலி இருந்தது. அது எங்கே போயிற்று?

இந்த வகைச் சிரிப்புக்கு ஆங்கிலத்தில் ‘ஸ்லாப்ஸ்டிக்’ என்று பெயர். அந்தப் பெயர் ஒரு கருவியிலிருந்து வந்தது. இத்தாலிய நாடோடி நாடகங்களில் ஹார்லிக்வின் என்ற கோமாளி ஒரு மட்டையைக் கையில் வைத்திருப்பான். இரண்டு மெல்லிய பலகைகளை ஒரு முனையில் சேர்த்துக் கட்டிய மட்டை. அதை ஒருவன் முதுகில் போட்டால் பலகைகள் ஒன்றோடொன்று மோதிப் பளீரென்று சத்தம் எழும். அடிபட்டவனுக்கு ஒன்றும் ஆகாது. சத்தத்தையும் வலியையும் பிரித்துவிட்ட கருவி அது. சத்தம் பார்க்கிறவர்களுக்குப் போகும். வலி யாருக்கும் போகாது. டாமின் தலையில் விழும் வாணலிவரை இன்றைக்கும் இந்தப் பிரிவினைதான் நடக்கிறது.

அந்த ஹார்லிக்வினே நட்கிராக்கர் பாலேயில் இருக்கிறான். முதல் அங்கத்தில் ட்ராஸல்மையர் என்ற விசித்திரமான பெரியவர் குழந்தைகளுக்குச் சாவி முடுக்கிய பொம்மைகளைக் கொண்டுவந்து காட்டுவார். பல தயாரிப்புகளில் அவை ஹார்லிக்வினும் அவன் காதலி கொலம்பைனும். 1892இல் இந்த பாலே முதன்முதலாக அரங்கேறியபோது ஆர்கெஸ்ட்ராவை நடத்திய ரிக்கார்தோ ட்ரிகோ, பின்னர் 1900இல் ஹார்லிக்வினை நாயகனாக்கி ஒரு முழு பாலேவுக்கே இசையமைத்தார். கோமாளியின் மட்டையும் பாலேயின் பட்டுக் காலணியும் ஒரே மேடைப் பெட்டியில் கிடந்தவை. இது தெரிந்த பிறகு, பாலே இசைக்கு ஒரு பூனை விழுவதை அவமதிப்பு என்று சொல்ல என்னால் முடியவில்லை.

ஆனால் கதையின் வேர் மேடையில் இல்லை. அது 1816இல் ஜெர்மன் எழுத்தாளர் இ.டி.ஏ. ஹாஃப்மன் எழுதிய ‘கொட்டையுடைப்பானும் எலி ராஜாவும்’ என்ற கதை. ஹாஃப்மன் பெர்லினில் நீதித்துறையில் வேலை பார்த்தவர், இசையமைப்பாளரும்கூட. நெப்போலியனின் போர்கள் அதற்கு முந்தின ஆண்டுதான் ஓய்ந்திருந்தன. 1813இல் ட்ரெஸ்டன் நகரத்துப் போரின்போது ஹாஃப்மன் அங்கே இருந்தார். பிணங்கள் கிடந்த போர்க்களத்தைக் கண்ணால் பார்த்தார். மூன்று வருடம் கழித்து, ஒரு வீட்டின் கண்ணாடி அலமாரிக்குள்ளிருந்து தகர வீரர்கள் இறங்கி எலிகளோடு பொருதும் கதையை நண்பரின் பிள்ளைகளை மனதில் வைத்து எழுதினார்.

அந்தக் கதையிலும் சிறுமி செருப்பை எறிகிறாள். அவள் பெயர் மரீ. ஆனால் செருப்பு பறக்கும் முன்பே அவள் முழங்கை அலமாரிக் கண்ணாடியில் பட்டு, கண்ணாடி உடைந்து, சதை கிழிந்திருக்கிறது. எறிந்ததும் மயங்கி விழுகிறாள். அம்மா வந்து பார்க்கும்போது பிள்ளை தரையில், ரத்தத்தில் கிடக்கிறாள். மருத்துவர் வந்து கட்டுப் போடுகிறார். காய்ச்சலோடு பல நாள் படுக்கை. நடந்ததை மரீ சொல்கிறாள், பெரியவர்கள் நம்பவில்லை. காய்ச்சலில் பிதற்றுகிறாள் என்கிறார்கள். ரத்தம் உண்மை என்று ஒப்புக்கொள்கிறவர்கள் போரை ஒப்புக்கொள்ளவில்லை. குழந்தைக்கான கதையில் இப்படி ஓர் இரவை ஹாஃப்மன் வைத்தார்.

இன்னொன்றும் வைத்தார். எதிரிக்கு ஒரு காரணம் வைத்தார். படுக்கையில் கிடக்கும் மரீக்கு ட்ராஸல்மையர் ஒரு முன்கதை சொல்கிறார். ஓர் அரசர் விருந்துக்குப் பன்றிக்கறிச் சாசேஜ் செய்யச் சொல்கிறார். அதற்கென்று வைத்திருந்த கொழுப்பில் ஒரு பங்கை எலி ராணியும் அவள் உறவுக்கூட்டமும் தின்றுவிடுகிறார்கள். வாயில் வைத்த அரசருக்குக் கொழுப்பு குறைந்திருப்பது தெரிந்து துயரம் தாங்கவில்லை. அரண்மனைக் கடிகாரக்காரர் எலிப்பொறி செய்கிறார்; உள்ளே வறுத்த கொழுப்புத் துண்டு. எலி ராணி எச்சரிக்கிறாள். வாசனை இழுக்கிறது, யாரும் கேட்கவில்லை. அவளுடைய ஏழு மகன்களும் மாமன் சித்தி மக்களும் பொறியில் சிக்கி அடுக்களையிலேயே கொல்லப்படுகிறார்கள். அந்தத் தாயின் வெஞ்சினத்திலிருந்துதான் சாபம் பிறக்கிறது. அரச குழந்தையின் அழகு குலைகிறது. கடிகாரக்காரரின் உறவுக்கார வாலிபன் மரப்பொம்மையாகச் சமைந்து போகிறான். ஏழு மகன்களை இழந்தவளுக்குப் பின்னால் பிறந்த மகன்தான் ஏழு தலை எலி ராஜா.

ஏழு பிள்ளைகளுக்கு ஏழு தலை. சாசேஜில் குறைந்த கொழுப்புக்கு ஒரு குலநாசம். எலிப்பொறி என்பது டாம் அண்ட் ஜெர்ரி படங்களில் நாம் நூறு தடவை பார்த்துச் சிரித்த பொருள். வால் நசுங்கும், பூனை கூரைவரை எகிறும், அடுத்த நொடியில் எல்லாம் சரியாகிவிடும். ஹாஃப்மனின் பொறியில் விழுந்தவர்கள் எழவில்லை.

அதன் பிறகு கதை கை மாறிக்கொண்டே வந்தது. ஒவ்வொரு கையும் ஒரு காயத்தைத் துடைத்தது. 1844இல் பிரெஞ்சு எழுத்தாளர் அலெக்சாந்தர் துமா அதை இன்னும் மென்மையாக்கித் திரும்ப எழுதினார். அந்த வடிவத்தைத்தான் பீட்டர்ஸ்பர்க் அரச அரங்குகளின் இயக்குநர் இவான் விசெவலோஷ்ஸ்கி பாலேவுக்குத் தேர்ந்தெடுத்தார். நாட்டிய ஆசிரியர் மாரியூஸ் பெதிபா திட்டம் வகுத்தபோது எலி ராணியின் முன்கதை முழுதும் போயிற்று. கிழிந்த கையும் போயிற்று. எஞ்சியவை விருந்து, மரம், ஒரு சிறிய போர், இனிப்பு ராஜ்ஜியம். எலிகள் இப்போது காரணமில்லாத எதிரிகள். இரண்டாம் அங்கத்தில் கதை என்று சொல்ல ஒன்றுமில்லை. சாக்லேட், காபி, தேநீர் என்று தின்பண்டங்களின் பெயரில் நடனங்கள் மட்டுமே.

பெதிபா இசையமைப்பாளருக்குக் கொடுத்த குறிப்புகள் கிடைக்கின்றன. இந்தக் கட்டத்துக்கு மென்மையான இசை இத்தனை தாளக்கட்டு. குழந்தைகள் நுழையும்போது ஆரவாரமாக இத்தனை. மரம் வளர்ந்துகொண்டே போகும்போது பெருகிப் பெருகி உயர்கிற இசை இத்தனை. இனிப்பு ராஜ்ஜியத்துத் தேவதை ஆடும்போது ஊற்றிலிருந்து தெறிக்கும் நீர்த்துளியின் ஒலி கேட்க வேண்டும். ஜதிக்கு அளந்து சொற்கட்டு கேட்கும் நட்டுவனாரைப் போல அவர் கேட்டார். உலகம் அறிந்த இசைமேதை அந்த அளவுக்குள் நின்று எழுதினார். சைகோவ்ஸ்கி இந்த வேலையை விரும்பி ஏற்கவில்லை. ஆயினும் எழுதிக்கொண்டிருந்தார்.

1891 வசந்தத்தில் அவர் பிரான்சில் இருந்தார். கார்னகி ஹால் திறப்பு விழாவில் ஆர்கெஸ்ட்ரா நடத்த நியூயார்க் போகும் வழி. பாரிசில் ஒரு ருஷ்யச் செய்தித்தாளைப் பிரித்தபோது தங்கை சாஷா இறந்த செய்தி அதில் இருந்தது. அவர் வாழ்க்கையில் ஒரு வீடு என்று இருந்ததென்றால் அது உக்ரைனில் கமென்கா என்ற ஊரில் இருந்த அந்தத் தங்கையின் வீடுதான். கோடைக்காலங்களில் அங்கே போய்த் தங்குவார். தங்கை பிள்ளைகளோடு விளையாடுவார். செய்தியைப் படித்த பிறகும் கப்பலேறினார். மே 5ஆம் தேதி நியூயார்க்கில் மேடையேறி ஆர்கெஸ்ட்ராவை நடத்தினார். ஊருக்குத் திரும்பி வந்து, கிறிஸ்துமஸ் மரமும் மிட்டாய் ராஜ்ஜியமும் உள்ள பாலேவுக்கு இசை எழுதி முடித்தார்.

அந்தப் பயணத்தில் பாரிசில் அவர் கண்டெடுத்தது செலஸ்டா. விசைப்பலகையுள்ள சிறு வாத்தியம். உள்ளே சுத்திகள் உலோகத் தகடுகளைத் தட்டும். மணியைவிட மெல்லிய, பனிக்கட்டியில் பனிக்கட்டி உரசுவது போன்ற ஒலி. 1886இல் பாரிசில் முஸ்தெல் என்பவர் உருவாக்கியது. பதிப்பாளர் யூர்கென்சனுக்கு எழுதி அதை வரவழைக்கச் சொன்னார். ரிம்ஸ்கி-கோர்சகோவும் கிளாசுனோவும் தெரிந்துகொண்டு முந்திவிடக் கூடாது, ரகசியமாக இருக்கட்டும் என்றும் எழுதினார். பெதிபா கேட்ட நீர்த்துளி ஒலி இந்த வாத்தியத்தில்தான் கிடைத்தது. தேவதையின் தனி நடனத்தில் நாம் கேட்பது அதைத்தான். இன்று விளம்பரங்களிலும் கைப்பேசி மணியிலும் சிறு பிள்ளைகளின் பொம்மையிலும் ஒலிக்கிற அந்தச் சத்தம், எழுதியவர் காலத்தில் பெரும்பாலோர் கேட்டிராத ஒன்று.

ஆனால் நான் சொல்ல வந்தது அந்த நடனத்தைப் பற்றியல்ல. அதற்குச் சற்று முன்னால், தேவதையும் இளவரசனும் சேர்ந்தாடும் மெதுவான பகுதி ஒன்று வருகிறது. ஹார்ப் அலையடிக்க, செல்லோக்கள் ஒரு மெட்டைத் தொடங்கும். அதை மெட்டு என்று சொல்வதுகூட மிகை. மேல் ஸட்ஜத்திலிருந்து கீழ் ஸட்ஜம்வரை ஒரே ஓர் இறக்கம். நம் காதுக்குச் சங்கராபரணத்தின் அவரோகணம், ஒரு சுரம் கூடாமல் குறையாமல். பாட்டு கற்கும் பிள்ளையும் பாடிவிடக்கூடியது. அதை வைத்துக்கொண்டு அவர் கட்டியிருப்பதைக் கேட்கும்போது, இது மிட்டாய் ராஜ்ஜியத்தின் கொண்டாட்டம் என்று நம்பவே முடியாது. ஒவ்வொரு முறையும் அந்த இறக்கம் திரும்பி வருகிறது. ஒவ்வொரு முறையும் அதிக வாத்தியங்களோடு, அதிக பாரத்தோடு. ருஷ்யத் திருச்சபையில் இறந்தவர்களுக்காகப் பாடும் வழிபாட்டுப் பாடலின் நடை இதற்குள் கேட்கிறது என்று இசை ஆய்வாளர்கள் சிலர் சொல்லியிருக்கிறார்கள். எனக்கு அந்த வழிபாடு பழக்கமில்லை. ஆனால் ஆட்களெல்லாம் போன பிறகு சாவு வீட்டுத் திண்ணையில் தனியே உட்கார்ந்திருப்பவரின் மூச்சு எனக்குத் தெரியும். அது இந்த இறக்கத்தில் இருக்கிறது.

கதையிலிருந்து எடுத்துவிட்ட வலி இங்கேதான் வந்து உட்கார்ந்திருக்கிறது என்று நினைக்கிறேன். ஹாஃப்மன் ரத்தமாகவும் காய்ச்சலாகவும் வைத்ததை மேடைக்காகத் துடைத்தார்கள். துடைத்த கதைக்கு இசை எழுத உட்கார்ந்தவர் தன் துக்கத்தோடு வந்தார். எத்தனை தாளக்கட்டு என்று அளந்து கேட்கலாம். அதற்குள் என்ன நிரம்பும் என்று அளந்து கேட்க முடியாது.

1892 டிசம்பர் 18 அன்று பீட்டர்ஸ்பர்க் மரீன்ஸ்கி அரங்கில் அரங்கேற்றம். பெதிபா நோயில் விழுந்ததால் உதவியாளர் லெவ் இவானோவ் நடனம் அமைத்திருந்தார். விமர்சகர்கள் சாடினார்கள். மேடையில் குழந்தைகள் அதிகம், கதை இல்லை, நாயகி கடைசியில்தான் வருகிறாள் என்றார்கள். அடுத்த ஆண்டு நவம்பரில் சைகோவ்ஸ்கி இறந்தார். இந்த பாலேவுக்குப் பின்னால் காத்திருந்த வாழ்வு அவருக்குத் தெரியாது. 1940இல் வால்ட் டிஸ்னியின் ‘ஃபேண்டசியா’ இதன் இசைத்தொகுப்பைக் காளான்களும் மீன்களும் இதழ்களும் ஆடும் காட்சிகளாக ஆக்கியபோது, இந்த பாலேயை இப்போது யாரும் ஆடுவதில்லை என்றே படத்தின் அறிமுகவுரை சொன்னது. நான்கு ஆண்டு கழித்து, 1944 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள், சான் ஃபிரான்சிஸ்கோவில் அமெரிக்காவின் முதல் முழு நட்கிராக்கர் நடந்தது. 1954இல் ஜார்ஜ் பலன்ஷின் நியூயார்க்கில் அரங்கேற்றினார். பிறகு அது அங்கே வருடாந்திரச் சடங்காகவே ஆகிவிட்டது. பல நடனக் குழுக்களுக்கு ஆண்டு வருமானத்தில் பெரும்பங்கு டிசம்பர் என்ற இந்த ஒரு மாதத்தில்தான் வருகிறது.

இடையில் ஒன்றைச் சொல்லாமல் போக மனமில்லை. காபிக்கென்று ஒரு நடனம் இருக்கிறது. அராபிய நடனம் என்று பெயர். மந்தமாக, போதையூட்டுவது போல ஆடுவார்கள். அந்த மெட்டு அரபு நாட்டிலிருந்து வந்ததல்ல. ஜார்ஜிய நாட்டுத் தாலாட்டு. யாரோ ஒரு தாய் தொட்டிலருகே பாடியதைப் பெயர் மாற்றி, காபிக்கடை மயக்கமாக்கி, நூற்றாண்டுக்கு மேல் ஆடியிருக்கிறார்கள். இசைக்குள் இருந்தது இசைக்குள்ளேயே இருக்கிறது. மேலே ஒட்டிய சீட்டுதான் வேறு. அது தாலாட்டு என்று தெரிந்த நாளிலிருந்து எனக்கு அது தாலாட்டாகத்தான் கேட்கிறது.

இனி பூனையிடம் வருகிறேன். வில்லியம் ஹன்னாவும் ஜோசப் பார்பெராவும் 1940இல் எம்ஜிஎம் ஸ்டுடியோவில் தொடங்கிய இந்தப் பூனை-எலி வரிசையில் 1958வரை அவர்கள் இயக்கியவை 114 படங்கள். அவற்றில் ஏழு ஆஸ்கர் பெற்றன. ஏழில் இரண்டு முழுக்க முழுக்க மேற்கத்தியச் செவ்வியல் இசையின் மேல் கட்டப்பட்டவை. ‘தி கேட் கன்செர்ட்டோ’வில் டாம் கோட்டும் வெள்ளைச் சட்டையுமாக லிஸ்ட்டின் ஹங்கேரியன் ராப்சடியை வாசிக்கிறது. ‘ஜொஹான் மௌஸ்’ படத்தில் ஸ்ட்ராஸின் வால்ட்ஸ் கேட்டால் எலிக்கு ஆடாமல் இருக்க முடியாது. பிடிபடுவோம் என்று தெரிந்தும் வெளியே வந்து ஆடும். கேபிள் டிவி நம் தெருக்களுக்கு வந்த காலத்தில் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகள் பலருக்கு லிஸ்ட்டும் ஸ்ட்ராஸும் இப்படித்தான் காதில் விழுந்தார்கள். பெயர் தெரியாமலே மெட்டு பழகிவிட்டது. அது குறைவான அறிமுகம் என்று நான் நினைக்கவில்லை.

அந்தப் படங்களுக்கு இசையமைத்தவர் ஸ்காட் பிராட்லி. வினாடிக்கு 24 சட்டகம். நிமிடத்துக்கு 120 தாளம் என்றால் ஒரு தாளத்துக்குச் சரியாக 12 சட்டகம். எந்தச் சட்டகத்தில் பூனையின் கால் வழுக்கும், எந்தச் சட்டகத்தில் தட்டு உடையும் என்று முன்கூட்டியே எழுதி வைத்து, அந்தக் கட்டத்துக்குள் இசை எழுத வேண்டும். பெதிபா பீட்டர்ஸ்பர்க்கில் சைகோவ்ஸ்கிக்குப் போட்ட அதே கட்டம். மரம் வளர இத்தனை, பூனை விழ இத்தனை. இருவர் வேலைக்கும் இடையில் மேடையின் மதிப்பு வேறு, கணக்கு ஒன்றுதான். 2007 படத்தில் கணக்கு தலைகீழானது. இசை 115 ஆண்டுகளுக்கு முன்பே எழுதி முடிந்திருந்தது. பூனைதான் அதற்கேற்ப விழ வேண்டியிருந்தது.

டாம் பேசாது, அலறும். வாலில் பொறி விழுந்தால், பல்லில் இரும்பு பட்டால், தொண்டை கிழிய ஓர் அலறல். அது ஹன்னாவின் சொந்தக் குரல். அவரே ஒலிப்பதிவுக் கருவியின் முன் நின்று கத்தினார். வேறு யார் கத்தினாலும் இத்தனை நிஜமாக வரவில்லை போலும். 2001இல் அவர் இறந்தார். அதற்கு இருபது ஆண்டுகள் கழித்து, 2021இல் வந்த படத்திலும் அந்தப் பழைய பதிவுகளையே பயன்படுத்தினார்கள். உடம்புக்கு எதுவும் ஆகாத உலகம் அது. பூனை தட்டையாகும், துண்டாகும், கரியாகும், மீண்டும் எழும். அந்த உலகத்தில் உண்மையான மனித உடம்பிலிருந்து வந்த பொருள் அந்த அலறல். இங்கும் வலி கதையை விட்டு வெளியேறிச் சத்தத்தில் தங்கியிருக்கிறது. கோமாளியின் மட்டை சத்தத்தையும் வலியையும் பிரித்தது என்றேன். முழுதாகப் பிரிக்க அதாலும் முடியவில்லை.

இந்த வரிசையில் மூன்றாவது படம் ‘தி நைட் பிஃபோர் கிறிஸ்துமஸ்’. 1941 டிசம்பர் 6 அன்று வெளியானது. மறுநாள் பெர்ல் துறைமுகத்தில் குண்டு விழுந்தது. வழக்கமான துரத்தல்தான், கிறிஸ்துமஸ் மரத்தைச் சுற்றி, விளக்குகளுக்கு நடுவே. ஒரு கட்டத்தில் ஜெர்ரி வீட்டுக்கு வெளியே பனியில் போய் விழுகிறது. டாம் கதவை அடைத்து, உள்ளே வர வழியில்லாமல் செய்துவிட்டு, கணப்பருகே தன் மெத்தையில் படுத்துக்கொள்கிறது. வெளியே பனி கொட்டுகிறது. எங்கிருந்தோ சேர்ந்திசையில் கிறிஸ்துமஸ் பாடல் கேட்கிறது. டாமுக்குத் தூக்கம் வரவில்லை. எழுந்து போய்ப் பனியில் தேடி, விறைத்துப் போன எலியை எடுத்து வந்து நெருப்பருகே வைத்து, உயிர் வருமா என்று பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது.

அந்தச் சில வினாடிகளில் இந்தப் படவரிசையின் சட்டம் முறிகிறது. அடிபட்டவன் எழாமல் போகக்கூடும். அது அடித்தவனுக்குத் தெரிந்துவிடுகிறது. பனியும் சேர்ந்திசையும் கூடும் அந்த இடம் எனக்கு நட்கிராக்கரின் முதல் அங்க முடிவை நினைவூட்டும். அங்கும் போர் முடிந்த பிறகு பனி விழுகிறது. சொல் இல்லாமல் குழந்தைகளின் குரல்கள் மட்டும் ஆர்கெஸ்ட்ராவுக்கு மேலே எழுகின்றன. 

2007 படத்தில் இந்த வினாடி இல்லை. என் ஏமாற்றம் அதுதான், அடிதடியைப் பற்றியதல்ல. நல்ல கைகள் வரைந்த படம். ஸ்பைக் பிராண்ட் அதற்கு முன் பார்பெராவோடு சேர்ந்து 2005இல் ஒரு குறும்படம் இயக்கியவர். பழைய துள்ளலை அருகிலிருந்து கற்றவர். எலியை நாயகனாக்கி, எதிரிப் படையைப் பூனைகளாக்கியதும் நியாயமான துணிச்சல். இருநூறு ஆண்டுகளாக எலிகள் தோற்றுக்கொண்டிருந்த கதை. ஆனால் பக்கம் மாறியதே தவிர எதிரிக்குக் காரணம் வரவில்லை. பூனை அரசன் ஏன் அந்த உலகத்தை வெறுக்கிறான்? அவனுக்குப் பின்னால் ஏழு பிள்ளைகளை இழந்த தாய் யாரும் இல்லை. விழுகிற எவரையும் யாரும் போய்த் தூக்கிப் பார்க்கவும் இல்லை. அத்தனையையும் இசையே சுமக்க வேண்டியிருக்கிறது. அது சுமக்கிறது. பிள்ளைகள் சிரித்துக்கொண்டிருந்தபோதும் அது அடியில் போய்க்கொண்டுதான் இருந்தது.

படம் வெளிவருவதற்கு முந்தின ஆண்டு, 2006 டிசம்பர் 18 அன்று, பார்பெரா தம் 95ஆம் வயதில் இறந்தார். நட்கிராக்கர் அரங்கேறிய அதே தேதி. பழைய ருஷ்ய நாட்காட்டியில் அந்த அரங்கேற்ற நாள் டிசம்பர் 6. டாம் பனியில் கதவைத் திறந்த படம் வெளியான தேதி. தற்செயல்தான். எழுதும்போது கை சற்று நின்றது.

பிள்ளைகள் தூங்கப் போன பிறகு ஹாஃப்மனின் கதையை எடுத்துக் கடைசிப் பக்கங்களை மறுபடி படித்தேன். எலி ராஜா செத்த பிறகு, அவனுடைய ஏழு சின்னஞ்சிறு பொன் மகுடங்கள் மரீயின் கைக்கு வருகின்றன. தான் சொன்னது பொய்யில்லை என்பதற்கு அவளிடம் இருக்கும் ஒரே சாட்சி. பெட்டியைத் திறந்து பெரியவர்களிடம் காட்டுகிறாள். ட்ராஸல்மையர் சிரித்து அதைத் தள்ளிவிடுகிறார். இவை என் கடிகாரச் சங்கிலியில் கிடந்தவை அல்லவா, மரீயின் இரண்டாவது பிறந்தநாளுக்கு நான்தானே கொடுத்தேன் என்கிறார். எத்தனையோ வயதுகள் இருக்க, இரண்டு.

ஹாஃப்மனுக்கு ஒரு மகள் இருந்தாள், செசிலியா. 1805இல் பிறந்து 1807இல் இறந்தாள்.